நோர்ஃபோக் ரெஜிமெண்ட்: ஊர் கொடுத்த பிள்ளைகள், ஊர் காத்த பெயர்கள்



சிங்கப்பூரின் கிராஞ்சி போர்க் கல்லறைத் தோட்டத்துக்குப் போனவர்கள் ஒன்றைக் கவனித்திருக்கலாம். வரிசை வரிசையாக நிற்கும் வெண்ணிறக் கற்களின் மேற்பகுதியில், இறந்தவர் சேர்ந்திருந்த படையின் சின்னம் செதுக்கப்பட்டிருக்கும். அவற்றுள் ஒன்று, கேடயத்தோடு அமர்ந்திருக்கும் ஒரு பெண்ணின் உருவம். பிரிட்டானியா என்று அவளுக்குப் பெயர். தாய்லாந்தின் காஞ்சனபுரியில், தாழ்ந்த பீடங்களில் பதித்த வெண்கலத் தகடுகளிலும் அதே உருவத்தைக் காணலாம். அது ராயல் நோர்ஃபோக் ரெஜிமெண்டின் சின்னம்.

நோர்ஃபோக் என்பது இங்கிலாந்தின் கிழக்குக் கரையில், வட கடலைப் பார்த்தபடி இருக்கும் ஒரு விவசாய மாவட்டம். இத்தகைய மாவட்டத்தை ஆங்கிலேயர் கவுண்டி என்பார்கள். நோரிச் அதன் தலைநகர். அந்த வயல்வெளிகளில் வளர்ந்த பிள்ளைகள் எப்படி இங்கே வந்து மண்ணுக்குள் போனார்கள்? அதைவிட முக்கியமான இன்னொரு கேள்வியும் உண்டு. அவர்கள் ஒவ்வொருவரின் பெயரும் எப்படி இன்றுவரை காப்பாற்றப்பட்டது? அந்த ரெஜிமெண்டின் வரலாறு இந்த இரண்டு கேள்விகளுக்குமே விடை சொல்கிறது.

ஊர்ப் பெயர் வந்த கதை

1685-ஆம் ஆண்டு, மன்னர் இரண்டாம் ஜேம்ஸை எதிர்த்து மொன்மத் கோமகன் கலகம் செய்தார். அதை அடக்குவதற்காக அவசரமாகத் திரட்டப்பட்ட படைகளில் ஒன்று இது. திரட்டியவர் கர்னல் ஹென்றி கோர்ன்வால். அக்காலத்தில் ரெஜிமெண்டுக்கு ஊர்ப் பெயர் கிடையாது. கர்னலின் பெயரே படையின் பெயர். கர்னல் மாறினால் படையின் பெயரும் மாறிவிடும். இந்தக் குழப்பத்தைத் தீர்க்க 1751-இல் ரெஜிமெண்டுகளை எண்ணிட்டு அழைக்கும் முறை வந்தது. இதற்குக் கிடைத்த எண் 9.

1782-இல், அமெரிக்கப் போரால் ஆள் பற்றாக்குறை ஏற்பட்டிருந்த வேளையில், எண்களோடு மாவட்டப் பெயர்களும் சேர்க்கப்பட்டன. சொந்த ஊரின் பெயரைக் கேட்டால் இளைஞர்கள் கூடுதலாகச் சேருவார்கள் என்பது கணக்கு. 9-ஆவது ரெஜிமெண்டுக்குக் கிழக்கு நோர்ஃபோக் என்ற பெயர் வந்தது. ஆனாலும் நெடுங்காலம் அது பெயரளவிலேயே இருந்தது. ஆள் கிடைத்த இடத்தில் எல்லாம் ஆள் எடுத்தார்கள்.

1881-இல் போர்த்துறை அமைச்சர் சில்டர்ஸ் கொண்டுவந்த சீர்திருத்தமே பெயரை உண்மையாக்கியது. எண்கள் எடுக்கப்பட்டன. நோர்ஃபோக் ரெஜிமெண்ட் என்பதே பெயராயிற்று. ஒரு ரெஜிமெண்டுக்கு இரண்டு நிரந்தரப் பட்டாலியன்கள். ஒன்று இந்தியா போன்ற வெளிநாட்டில் இருக்கும். மற்றொன்று தாய்நாட்டில் இருந்தபடி ஆள்களைப் பயிற்றுவித்து அனுப்பும். நோரிச் நகரின் மேட்டில் பிரிட்டானியா முகாம் கட்டப்பட்டது. மாவட்டத்தில் இருந்த பகுதிநேரப் படைகளும் அதே ரெஜிமெண்டின் கீழ் வந்தன. கடைக்காரர், தச்சர், பண்ணையாள் என்று பலரும் மாலையிலும் வார இறுதியிலும் பயிற்சி பெற்றார்கள். ஒரே தெருக்காரர், ஒரே பண்ணைக்காரர் ஒரே கம்பெனியில் இருப்பார்கள். அண்ணன் சேர்ந்தால் தம்பியும் சேருவான். அதுதான் இத்தகைய ரெஜிமெண்டின் பலம். பக்கத்தில் நிற்பவன் பள்ளித் தோழனாக இருக்கும்போது எவனும் எளிதில் பின்வாங்க மாட்டான்.

பிரிட்டானியா சின்னத்துக்கும் ஒரு கதை உண்டு. 1707-இல் ஸ்பெயினின் அல்மான்சாவில் நடந்த போரில் இந்த ரெஜிமெண்ட் பேரிழப்பைச் சந்தித்தது. அந்த வீரத்துக்காக ராணி ஆன் சின்னத்தை அளித்தார் என்பது வழிவழி வந்த நம்பிக்கை. 1799-இல் அது அதிகாரபூர்வமாக ஏற்கப்பட்டது. பிறகு நெப்போலியன் காலத்தில் மீண்டும் ஸ்பெயினில் போரிட்டபோது, உள்ளூர் மக்கள் அந்த உருவத்தைக் கன்னி மரியாள் என்று நினைத்துக் கொண்டார்களாம். அதனால் இந்தப் படையினருக்குப் 'புனிதப் பையன்கள்' என்ற பட்டப்பெயர் வந்தது. 1935-இல், மன்னர் ஐந்தாம் ஜார்ஜின் வெள்ளி விழாவின்போது 'ராயல்' என்ற அடைமொழியும் சேர்ந்தது.

சண்ட்ரிங்ஹம் தோட்டக்காரர்கள்

ஊர்ப்பிள்ளைகள் ஒன்றாகப் போருக்குப் போவதில் பலம் இருப்பதுபோல் பெரும் ஆபத்தும் இருக்கிறது. அதை நோர்ஃபோக் 1915-இல் அறிந்துகொண்டது.

அந்த மாவட்டத்தில் உள்ள சண்ட்ரிங்ஹம் அரச குடும்பத்தின் சொந்தப் பண்ணை. அங்கே வேலை செய்த தோட்டக்காரர்கள், வேட்டைக் காவலர்கள், பண்ணையாட்கள் ஆகியோரைக் கொண்டு பகுதிநேரக் கம்பெனி ஒன்று அமைந்திருந்தது. அதை அமைத்தவர் பண்ணை நிர்வாகி பிராங்க் பெக். முதல் உலகப் போர் வந்தபோது அவருக்கு வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. போக வேண்டிய கட்டாயம் இல்லை. ஆனாலும் தம் ஆள்களை விட்டுப் பிரிய மனமில்லாமல் கேப்டனாகவே கூடச் சென்றார்.

அவர்கள் சேர்ந்திருந்த 5-ஆவது பட்டாலியன், துருக்கியின் கலிப்பொலியில் சுவ்லா விரிகுடாவில் 1915 ஆகஸ்ட் 10-இல் கரையிறங்கியது. இரண்டே நாளில், ஆகஸ்ட் 12 மாலை, தாக்குதலுக்கு உத்தரவு வந்தது. பழக்கமில்லாத நிலம், கடும் வெயில், எதிரி இருக்கும் இடம் சரியாகத் தெரியாத நிலை. பட்டாலியனின் ஒரு பகுதி மற்றவர்களைவிட வெகுதூரம் முன்னேறிச் சென்றது. கர்னலும் கேப்டன் பெக்கும் அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள். அவர்கள் திரும்பி வரவில்லை.

மன்னரே தம் ஆள்களைப் பற்றி விசாரித்தார். விவரம் கிடைக்கவில்லை. அதனால் அவர்கள் மாயமாய் மறைந்துவிட்டார்கள் என்ற கதை பரவியது. ஒரு மேகம் இறங்கி அவர்களைத் தூக்கிச் சென்றது என்றுகூட 1960-களில் ஒரு கதை கிளம்பியது.

மேகமும் இல்லை, மாயமும் இல்லை. 1919-இல், போர் முடிந்தபின், கல்லறைகளைத் தேடும் குழு ஒன்று அந்த இடத்துக்குச் சென்றது. 180 உடல்கள் கிடைத்தன. அவற்றுள் 122 நோர்ஃபோக் வீரர்களுடையவை என்பது சீருடைச் சின்னங்களால் தெரிந்தது. ஆனால் யார் யார் என்று பெயர் சொல்ல முடிந்தது இரண்டே பேருக்குத்தான். மற்றவர்களின் பெயர்கள் கலிப்பொலியின் ஹெல்லஸ் நினைவுத் தூணில் பொறிக்கப்பட்டன.

ஒரே மாலைப்பொழுது ஒரு பண்ணையின் பல வீடுகளை இருட்டாக்கிவிட்டது. அடுத்த ஆண்டு, 1916 ஏப்ரல் 29 அன்று, ஈராக்கின் கூட் நகரில் முற்றுகையிடப்பட்டிருந்த படை துருக்கியரிடம் சரணடைந்தது. அதில் நோர்ஃபோக்கின் 2-ஆவது பட்டாலியனும் இருந்தது. பாலைவனத்தில் நடத்திச் செல்லப்பட்ட பிரிட்டிஷ் சிப்பாய்களில் பாதிக்கும் மேற்பட்டோர் உயிரோடு திரும்பவில்லை.

லெ பரடீயின் சுவர்

லெ பரடீ என்றால் பிரெஞ்சு மொழியில் சொர்க்கம் என்று பொருள். வட பிரான்ஸில் உள்ள சிறிய கிராமம் அது. 1940 மே 27 அன்று, டன்கர்க் நோக்கிப் பின்வாங்கும் படைகளுக்கு நேரம் தேடித்தர, 2-ஆவது பட்டாலியனில் எஞ்சியிருந்தவர்கள் அங்கே ஒரு பண்ணை வீட்டில் நின்று போராடினார்கள். தோட்டாக்கள் தீர்ந்தபின் வெள்ளைத் துணி காட்டிச் சரணடைந்தார்கள். அவர்களைப் பிடித்த ஹிட்லரின் எஸ்.எஸ். படையினர், 99 பேரை ஒரு களஞ்சியத்தின் சுவரோரம் நடத்திச் சென்று, இயந்திரத் துப்பாக்கிகளால் சுட்டுத் தள்ளினார்கள். 97 பேர் மாண்டார்கள்.

ஆல்பர்ட் பூலி, வில்லியம் ஓகாலகன் ஆகிய இருவர் மட்டும் காயங்களோடு பிணக்குவியலுக்குள் உயிர் தப்பினார்கள். இருட்டியபின் ஓகாலகன் பூலியைச் சுமந்து வெளியேறினார். பிரெஞ்சு விவசாயப் பெண் ஒருவரும் அவருடைய மகனும் சில நாள் அவர்களைக் காப்பாற்றினார்கள். பிறகு வேறொரு ஜெர்மானியப் படையிடம் இருவரும் சிக்கிக் கைதிகளானார்கள்.

காயம் மிகுந்த பூலி 1943-இல் கைதிகள் பரிமாற்றத்தில் தாயகம் திரும்பினார். நடந்ததைச் சொன்னார். யாரும் நம்பவில்லை. மேற்கு முனையில் ஜெர்மானியர் இப்படிச் செய்திருக்க மாட்டார்கள் என்று அதிகாரிகள் ஒதுக்கிவிட்டார்கள். பூலி விடவில்லை. போர் முடிந்ததும் மீண்டும் அந்தக் கிராமத்துக்கே சென்று சுவரையும் சாட்சிகளையும் தேடினார். ஓகாலகனும் அதையே சொன்னார். கடைசியில் வழக்கு நடந்தது. சுட உத்தரவிட்ட அதிகாரி பிரிட்ஸ் க்னோஹ்லைன் 1949 ஜனவரியில் தூக்கிலிடப்பட்டார்.

97 தோழர்களுக்காக ஒரு சாதாரணச் சிப்பாய் பல ஆண்டுகள் போராடியிருக்கிறார் என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

பாலைவனத்துக்குப் புறப்பட்டு ஜோகூரில் இறங்கியவர்கள்

1941 அக்டோபர் இறுதியில் பிரிட்டனின் 18-ஆவது டிவிஷன் கப்பலேறியது. கிழக்கு இங்கிலாந்து மாவட்டங்களின் பகுதிநேரப் படைகள் பல அதில் இருந்தன. நோர்ஃபோக்கின் 4, 5, 6 ஆகிய மூன்று பட்டாலியன்களும் அவற்றுள் அடங்கும். கலிப்பொலியில் சிதைந்து மீண்டும் உருவான 5-ஆவது பட்டாலியன்தான் இதுவும். அன்று போனவர்களின் அடுத்த தலைமுறை இன்று கப்பலில் நின்றது.

அவர்கள் மத்திய கிழக்குக்கு என்று அனுப்பப்பட்டவர்கள். வழியில் ஜப்பான் போரில் குதித்ததால் திசை மாறியது. இரண்டரை மாதக் கடற்பயணத்துக்குப் பின், 5, 6-ஆவது பட்டாலியன்கள் 1942 ஜனவரி 13-இல் சிங்கப்பூரில் இறங்கின. இறப்பர்த் தோட்டத்தையும் காட்டையும் அதுவரை கண்டிராதவர்கள் அவர்கள். உடனே ஜோகூருக்கு அனுப்பப்பட்டார்கள். இறங்கிய ஆறாம் நாளே, யோங் பெங்குக்கு மேற்கே புக்கிட் பெலாண்டோக் கணவாயில், 6-ஆவது பட்டாலியன் ஜப்பானியரை எதிர்கொண்டது. 4-ஆவது பட்டாலியன் வந்து சேர்ந்தது ஜனவரி 29-இல். இரண்டு நாள் கழித்து ஜோகூர் பாலம் தகர்க்கப்பட்டது. பிப்ரவரி 15, சீனப் புத்தாண்டு நாளன்று, சிங்கப்பூர் சரணடைந்தது.

மூன்று பட்டாலியன்களும் அப்படியே கைதிகளாயின. நோர்ஃபோக்கின் ஊர்கள்தோறும் யாராவது ஒரு தாய், யாராவது ஒரு மனைவி, செய்தி தெரியாமல் காத்திருந்தார்கள். பிள்ளை உயிரோடிருக்கிறானா என்பதே பலருக்கு ஓராண்டுக்குமேல் தெரியவில்லை. ஒன்றாகப் பயிற்சி பெற்றவர்கள் ஒன்றாகவே சாங்கி முகாமுக்கும், அங்கிருந்து சயாம் மரண இரயில் பாதைக்கும் போனார்கள்.

தாய்லாந்தையும் பர்மாவையும் இணைத்த அந்தப் பாதையின் நீளம் 415 கிலோமீட்டர். 1942-இன் பிற்பகுதியில் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தார்கள். பட்டினி, மலேரியா, காலரா, அடி. போர்க்கைதிகளில் 12,000-க்கும் மேற்பட்டோர் அங்கே இறந்தார்கள்.

அந்த நரகத்திலும் முகாம்களில் பெயர் எழுதும் வேலை நிற்கவில்லை. யார், எந்தப் படை, எந்த நாள் இறந்தார், எங்கே புதைத்தோம் என்று இரகசியமாக எழுதி ஒளித்து வைத்தார்கள். காகிதம் பிடிபட்டால் தண்டனை என்று தெரிந்தும் எழுதினார்கள். சில பதிவேடுகள் கல்லறைக்குள்ளேயே மறைத்து வைக்கப்பட்டன. 1945 செப்டம்பரில், ஜப்பான் சரணடைந்த சில வாரங்களிலேயே, அந்தப் பதிவுகளோடு ஒரு தேடல் குழு இரயில் பாதை நெடுக இறங்கியது. பத்தாயிரத்து ஐந்நூறுக்கும் மேற்பட்ட கல்லறைகளைக் கண்டுபிடித்தது. கிடைக்காமல் போனவை 52 மட்டுமே.

பிறந்த ஊரா, சேர்ந்த படையா?

இந்த ரெஜிமெண்டுக்கு இன்னொரு பெருமையும் உண்டு. இரண்டாம் உலகப் போரில் இதன் வீரர்கள் ஐவர் விக்டோரியா சிலுவை விருது பெற்றார்கள். வேறெந்தப் பிரிட்டிஷ் ரெஜிமெண்டும் அந்தப் போரில் இத்தனை பெறவில்லை. அவர்களில் ஒருவர் கேப்டன் ஜான் ராண்டல். 1944 மே 6 அன்று, நாகாலாந்தின் கொஹிமாவில், தாம் ஏற்கெனவே காயமுற்றிருந்தும், ஜப்பானியரின் பதுங்கு குழியை நோக்கித் தனியே ஓடினார். கையெறி குண்டை உள்ளே வீசி, சுடும் துளையைத் தம் உடலாலேயே அடைத்து உயிர்விட்டார். அவருக்கு வயது 26.

இந்த ஐவரும் எங்கே பிறந்தவர்கள் தெரியுமா? ராண்டல் பிறந்தது இந்தியாவின் காசியில். கிரிஸ்டாக் தென்னாப்பிரிக்காவின் பிரிட்டோரியாவில். பேட்ஸ், ஜேமிசன், நோலண்ட் மூவரும் லண்டனில். நோர்ஃபோக் மண்ணில் பிறந்தவர் ஐவரில் ஒருவர்கூட இல்லை! போரை உயிரோடு கடந்தவரும் ஜேமிசன் ஒருவர்தான்.

ஆனாலும் ஐவரையும் நோர்ஃபோக் தன் பிள்ளைகளாகவே கொண்டாடுகிறது. பெயரேட்டில் ஒருவன் பெயர் ஏறிவிட்டால் அவன் அந்த ஊர்ப்பிள்ளை. அவன் வாழ்ந்தாலும் மாண்டாலும் அவனைத் தேடும் பொறுப்பு அந்த ஊருக்கு உண்டு. அவர்கள் கட்டிக் காத்தது இந்த ஒப்பந்தத்தைத்தான்.

ஏட்டில் ஏறாதவர்கள்

இதை இங்கே, இந்த மண்ணில் இருந்து கேட்கும்போது நெஞ்சு உறுத்தும். ஏனெனில் அதே இரயில் பாதையில், அதே மழையில், போர்க்கைதிகளைவிடப் பன்மடங்கு அதிகமான ஆசியத் தொழிலாளர்கள் உழைத்தார்கள். மலாயாவிலிருந்து மட்டும் எழுபதாயிரத்துக்கும் அதிகமானோர் கொண்டுபோகப்பட்டதாக மதிப்பிடப்படுகிறது. அவர்களில் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர்கள். நல்ல சம்பளம், சாப்பாடு, சில மாத வேலை என்று சொல்லி அழைத்தார்கள். பின்னர் லாரிகளில் பிடித்தும் ஏற்றினார்கள். மாண்ட ஆசியத் தொழிலாளர்கள் 80,000 முதல் 100,000 வரை இருக்கலாம் என்பது கணிப்பு.

இருக்கலாம் என்றுதான் சொல்ல முடிகிறது. கைதிகளிடத்தில் மருத்துவர்கள் இருந்தார்கள், அதிகாரிகள் இருந்தார்கள், எழுதி வைக்கப் பழகிய ஓர் அமைப்பு இருந்தது. தோட்டத்திலிருந்து போன குடும்பத் தலைவனுக்கு ரெஜிமெண்ட் இல்லை. எண் இல்லை. தேடி வரக் குழு இல்லை. காலராவில் விழுந்தவர்களைக் கூட்டமாகப் புதைத்தார்கள், எரித்தார்கள். வெள்ளைக்காரச் சிப்பாய்க்குக் கிடைக்காமல் போன கல்லறைகள் 52. நம்மவர்களுக்குப் பெயரோடு கிடைத்த கல்லறைகளைத் தேட வேண்டியிருக்கிறது.

இதற்காக நோர்ஃபோக் வீரர்கள்மீது வருத்தப்பட என்ன இருக்கிறது? அவர்களும் பிடிபட்டு வதைபட்டவர்களே. அவர்களிடமிருந்து கற்றுக்கொள்ள ஒன்று இருக்கிறது. வீழ்ந்தவனின் பெயரைக் கல்லில் வெட்டி நடுவது தமிழனுக்குப் புதிதன்று. நடுகல் நட்டு வணங்கிய மரபு நம்முடையது. 2023-இல் காஞ்சனபுரியில் தமிழ்த் தொழிலாளர்கள் நினைவாக நடுகல் எழுப்பப்பட்டதும் அந்த மரபின் தொடர்ச்சிதான். கல் நின்றுவிட்டது. அதில் வெட்ட வேண்டிய பெயர்கள்தாம் இன்னும் வீடுகளில் சிதறிக் கிடக்கின்றன.

ரெஜிமெண்ட் மறைந்தது, பெயர்கள் மறையவில்லை

ராயல் நோர்ஃபோக் ரெஜிமெண்ட் இப்போது இல்லை. போருக்குப் பின் கொரியாவிலும் சைப்ரஸிலும் பணியாற்றியபின், படைக் குறைப்பினால் 1959 ஆகஸ்ட் 29-இல் பக்கத்து மாவட்டமான சஃபோக்கின் ரெஜிமெண்டோடு இணைக்கப்பட்டது. 1964-இல் அதுவும் ராயல் ஆங்கிலியன் ரெஜிமெண்டில் சேர்ந்தது. 274 ஆண்டு வரலாறு ஓர் ஆணையில் முடிந்தது.

ஆனால் நோரிச் பேராலயத்தில் ரெஜிமெண்டின் வழிபாட்டறை இருக்கிறது. நோரிச் கோட்டை அருங்காட்சியகத்தில் அதன் பொருள்கள் இருக்கின்றன. வைமண்டம் என்ற சிற்றூரில் 1952-இல் கட்டிய தேவாலயம், தூரக் கிழக்கில் சிறையிருந்து மாண்டவர்களின் நினைவாலயமாக விளங்குகிறது. அங்கே அவர்களின் பெயர்கள் புத்தகங்களில் எழுதி வைக்கப்பட்டுள்ளன. படை போய்விட்டது. படையைக் கொடுத்த ஊர் மறக்கவில்லை.

நேயர்களே, ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்குப் போன தாத்தா, பெரியப்பா, மாமா என்று ஒருவராவது இல்லாத தோட்டக் குடும்பங்கள் குறைவு. அவரை நேரில் கண்டவர்கள் இன்று மிகச் சிலரே. கேள்விப்பட்டவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர் பெயர் என்ன, எந்தத் தோட்டம், யார் மகன், யாரோடு போனார், திரும்பினாரா என்பதை இந்த வாரமே வீட்டிலுள்ள மூத்தவரிடம் கேட்டு, ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி வையுங்கள். பேரப்பிள்ளைகளை விட்டு எழுதச் சொல்லுங்கள். நோர்ஃபோக் கைதிகள் எழுதியதும் கிழிந்த காகிதத்தில்தான்.